கையை விட்டால் சுடுமா?

ராயபுரத்தில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஏழெட்டுப் பிள்ளைகள் கூடுவார்கள். ஆறாவதிலிருந்து ஒன்பதாவது வரை படிக்கிறவர்கள். பாதிப்பேர் காசிமேட்டில் தொழிலுக்குப் போகிறவர்கள் வீட்டுப் பிள்ளைகள். ஒரு தூக்கு நிறைய சுண்டல், பழைய காலண்டர் தாளின் பின்பக்கம், ரெண்டு ஸ்கெட்ச் பேனா. அதை வைத்துக்கொண்டு நாங்கள் ஓர் உலகம் செய்துகொண்டிருக்கிறோம்.

உலகம் செய்வது என்றால் பயந்துவிட வேண்டாம். மாயாஜாலக் கதை எழுதுகிறவர்கள் கதையைத் தொடங்குவதற்கு முன் முடித்துவைக்கிற வீட்டு வேலை அது. அந்த ஊரில் மழை எப்போது பெய்யும், என்ன சாப்பிடுவார்கள், எந்தச் சாமிக்குக் கூழ் ஊற்றுவார்கள், யாரைக் கண்டால் யாருக்குப் பயம் என்றெல்லாம் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்வது. எங்கள் ஊருக்கு உப்பங்கரை என்று பெயர். ஆறு கடலில் சேரும் முகத்துவாரம். வருஷத்தில் சில இரவுகள் அங்கே தண்ணீர் தானாக ஒளிரும். அந்த ஒளிக்குக் 'கங்குல்பூ' என்று பெயர் வைத்தேன். கங்குல் என்றால் இரவு, பழைய சொல். வைத்தபோது எனக்கே கொஞ்சம் பெருமையாக இருந்தது.

பெருமை ஒரு நிமிஷம் நிற்கவில்லை. "கங்குன்னா நெருப்புத் துண்டுதானக்கா? எங்க ஆயா மீன் சுடச்சொல்ல கங்கு தள்ளி வெக்கும்" என்றாள் ஏழாவது படிக்கிற ஒருத்தி. அப்புறம் உடனே அடுத்தது: "அப்போ அந்தத் தண்ணில கைய வுட்டா சுடுமா?"

என் நோட்டில் அந்த இடத்தில் 'மந்திர ஒளி' என்று இரண்டே வார்த்தை எழுதியிருந்தேன். அதைப் படித்துக் காட்டித் தப்பித்திருக்கலாம். ஆனால் கடற்கரையில் வளர்ந்த பிள்ளை எந்தத் தண்ணீரைப் பற்றியும் முதலில் கேட்பது அதைத்தானே, இறங்கலாமா கூடாதா என்று? அதற்குப் பதில் வைத்திருக்காத நான் உப்பங்கரையில் ஒரு நாள்கூட வாழ்ந்ததில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. அந்த ஊர்க்காரர்களுக்கு அது மந்திரமாக இருக்க முடியாது. பிறந்ததிலிருந்து பார்க்கிற தண்ணீர். எப்போது வரும், எப்படி நடந்துகொள்ளும், எதைக் கெடுக்கும் என்று அவர்களுக்கு அத்துப்படியாக இருக்கும்.

முதன்முதலாகக் கற்பனை உலகம் எழுத உட்காருகிறவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். ஒளிரும் காடு வைத்திருந்தாலும் சரி, மலை வைத்திருந்தாலும் சரி, பிள்ளைகள் என்னைக் கேட்ட கேள்விகளையே நீங்களும் கேட்டுப் பார்க்கலாம்.

முதலில் சூட்டுக் கணக்கு. அடுப்புக் கங்கு, பட்டறையில் பழுத்த இரும்பு, குண்டு பல்பின் இழை, சூரியன் எல்லாம் ஒரே குடும்பம். சூடாவதால் ஒளிர்பவை. எந்தத் திடப்பொருளும் ஏறக்குறைய 525 டிகிரி செல்சியஸ் எட்டினால்தான் இருட்டில் மங்கலாகச் சிவந்து கண்ணுக்குத் தெரியத் தொடங்கும். தண்ணீரோ 100 டிகிரியிலேயே கொதித்து ஆவியாகிவிடும். ஆக, சூட்டினால் ஒளிரும் ஆறு என்று எழுதினால் அங்கே ஆறு இருக்காது. தவிர, இது ஊதாரி வெளிச்சம். குண்டு பல்பு இழுக்கிற மின்சாரத்தில் நூற்றுக்கு ஐந்து பங்கு அளவுதான் வெளிச்சமாகிறது. மிச்சம் வெப்பமாகப் போய்விடும்.

இன்னொரு குடும்பம் குளிர் ஒளி. ட்யூப்லைட், எல்இடி, மின்மினிப்பூச்சி. பொருளுக்குள் இருக்கும் எலெக்ட்ரான் எங்கிருந்தோ ஆற்றலை வாங்கி ஒரு படி மேலே ஏறுகிறது. மறுபடி இறங்கும்போது வாங்கியதை ஒளியாக விட்டுவிடுகிறது. ஏற்றிவிடுவது மின்சாரமாக இருக்கலாம், வேறொரு வெளிச்சமாக இருக்கலாம், ரசாயன வினையாகவும் இருக்கலாம். பொருள் சூடாக வேண்டிய கட்டாயமே இல்லை. மின்மினியைக் கையில் பிடித்தவர்களுக்குத் தெரியும்.

"ரேடியம் ஸ்டிக்கர் மாதிரியா?" என்றான் ஒருவன். நல்ல கேள்வி, ஏனென்றால் அந்த ஒரு வார்த்தைக்குள் நம் ஊரில் மூன்று விஷயங்கள் குழம்பிக் கிடக்கின்றன.

ஆட்டோ பின்னாலும் லாரி பின்னாலும் ஒட்டுகிற பளபளப்பு ஸ்டிக்கருக்கு நாம் ரேடியம் என்கிறோம். அதில் ரேடியம் துளிகூடக் கிடையாது, சொந்த ஒளியும் கிடையாது. பின்னால் வருகிற வண்டியின் ஹெட்லைட்டை வந்த வழியே திருப்பி அனுப்புகிறது, அவ்வளவுதான். அறைக் கூரையில் ஒட்டுகிற நட்சத்திர ஸ்டிக்கர் வேறு ரகம். வெளிச்சத்தைக் குடித்து வைத்துக்கொண்டு, விளக்கை அணைத்த பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் கக்கும். மூன்றாவதுதான் நிஜமான ரேடியம், அதாவது தானாகவே கதிர்வீச்சை விட்டுக்கொண்டிருக்கும் உலோகம், கலந்த பெயின்ட். நூறு வருஷத்துக்கு முன்னால் கைக்கடிகார எண்களுக்குப் பூசினார்கள். அது யாரிடமும் வெளிச்சம் கடன் வாங்காமல் ராத்திரி முழுக்க ஒளிரும். அமெரிக்காவில் அந்த வேலைக்குப் போன இளம் பெண்கள் தூரிகை முனையை உதட்டில் வைத்துக் கூராக்கிக் கூராக்கிப் பூசினார்கள். உள்ளே போன ரேடியம் எலும்பில் தங்கியது. தாடை எலும்பு அழுகிச் செத்தவர்கள் உண்டு.

பார்ப்பதற்கு மூன்றும் 'மின்னும்'. கதைக்குள் வைத்தால் மூன்றும் மூன்று ஊர். முதல் ரகக் குகையில், கையில் பந்தத்தோடு நுழைகிறவனுக்குத்தான் சுவர் மின்னும்; பந்தத்தைப் பறிகொடுத்தால் சுவரும் போயிற்று. இரண்டாவது ரக மலை, பகலெல்லாம் மேகம் மூடியிருந்தால் அன்றிரவு இருண்டு கிடக்கும். மூன்றாவது ரகக் கல் கிடைக்கும் ஊரில் நகை ஆசாரிகள் சீக்கிரம் சாவார்கள், அவர்கள் செய்த மூக்குத்தியை மட்டும் எல்லோரும் விரும்பிப் போட்டுக்கொள்வார்கள். பார்த்தீர்களா, வெளிச்சம் எந்த ரகம் என்று முடிவு செய்ததுமே கதை தானாக ஒட்டிக்கொள்கிறது.

நாங்கள் எடுத்துக்கொண்டது உயிர் ஒளி. உயிரினம் தன் உடம்புக்குள் ரசாயன வினை நடத்தி உண்டாக்கும் வெளிச்சம். அதற்கு நம் கடலிலேயே மாதிரி இருக்கிறது.

2019 ஆகஸ்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு சென்னைக் கடற்கரையில் அலை நீலமாக மின்னியது ஞாபகம் இருக்கலாம். போனில் வந்த படங்கள் பெரும்பாலும் திருவான்மியூர், பெசன்ட் நகர், பாலவாக்கம் பக்கத்துடையவை. 2024 அக்டோபரிலும் கிழக்குக் கடற்கரைச் சாலைப் பக்கம்தான். வெளிச்சம்கூட தெற்கே போய்த்தான் நிற்குமா என்று அப்போது எங்கள் தெருவில் ஒரு பொருமல். அந்த வழக்கைக் கடைசியில் எடுத்துக்கொள்கிறேன்.

கடலில் பாஸ்பரஸ் மிதக்கிறது, அதுதான் மின்னுகிறது என்று அன்றைக்கு நிறையப் பேர் சொன்னார்கள். இல்லை. பாஸ்பரஸ் 1669ல் ஹாம்பர்க்கில் ஹென்னிக் பிராண்ட் என்பவர் மூத்திரத்தைக் காய்ச்சிக் காய்ச்சிக் கண்டுபிடித்தது. (இந்த இடத்தில் பத்து நிமிஷம் வகுப்பு நடக்கவில்லை.) இருட்டில் அது ஒளிரும், உண்மைதான். ஆனால் காற்றுப் பட்டால் தீப்பிடிக்கும், கடும் விஷம். அது மிதந்தால் யாரும் காலை நனைத்து செல்ஃபி எடுத்திருக்க மாட்டார்கள்.

மின்னியது நாக்டிலூகா என்ற ஒற்றைச் செல் உயிர். விட்டம் 0.2 மில்லிமீட்டரிலிருந்து 2 மில்லிமீட்டர் வரை. பாயசத்தில் ஊறின ஜவ்வரிசி ஒன்றைப் பத்தில் ஒரு பங்காகச் சுருக்கி, ஒரு சின்ன வால் வைத்தால் ஏறக்குறைய அதுதான். பெயருக்கு லத்தீனில் 'இரவில் ஒளிர்வது' என்று பொருள். கங்குல்பூவுக்குப் பக்கத்து வீட்டுப் பெயர் என்று பிள்ளைகளிடம் சொல்லிப் பறிபோன பெருமையைக் கொஞ்சம் மீட்டுக்கொண்டேன்.

உள்ளே என்ன நடக்கிறது என்பதைத் தீப்பெட்டி வைத்துச் சொன்னேன். குச்சி முனையில் ஒரு மருந்து, பெட்டி ஓரத்தில் இன்னொரு மருந்து. தனித்தனியாக வைத்தால் ரெண்டும் சும்மா கிடக்கும். உயிர் ஒளியிலும் அப்படி இரண்டு. எரிகிற குச்சிக்கு லூசிஃபெரின் என்று பெயர், உரசிவிடும் ஓரத்துக்கு லூசிஃபெரேஸ். ஆக்சிஜன் சேரும்போது லூசிஃபெரின் செலவாகி ஒளி வருகிறது. லூசிஃபெரேஸ் தேயாமல் அடுத்த குச்சிக்குக் காத்திருக்கிறது. இந்த இரண்டு பெயரையும் வைத்தவர் ரஃபேல் துபுவா என்ற பிரெஞ்சுக்காரர். பாறையைக் குடைந்து வாழும் ஒளிரும் சிப்பி ஒன்றை 1887ல் அவர் சோதித்தது சமையலறையில் செய்கிற அளவுக்கு எளிமை. சிப்பிச் சதையைக் குளிர்ந்த தண்ணீரில் ஊறவைத்தார்: கொஞ்ச நேரம் ஒளிர்ந்து அணைந்தது. இன்னொன்றைச் சுடுதண்ணீரில் ஊறவைத்தார்: ஒளியே இல்லை. ஆறின பிறகு இரண்டையும் ஒன்றாக ஊற்றினார், மறுபடி ஒளிர்ந்தது. குளிர்ந்த பாத்திரத்தில் குச்சி தீர்ந்து ஓரம் மட்டும் மிஞ்சியிருந்தது. சூடான பாத்திரத்தில் ஓரம் வெந்து கெட்டுப்போய்க் குச்சி மட்டும் மிஞ்சியிருந்தது. சேர்ந்ததும் பற்றிக்கொண்டது.

சுடுமா என்ற கேள்விக்கு இத்தோடு பதில் வந்துவிட்டது. சுடாது. அடுத்ததை எட்டாவது படிக்கிற பையன் கேட்டான். "எப்பவுமே எரிஞ்சினு இருக்குமா, தொட்டா மட்டும் எரியுமா?"

நாக்டிலூகா தொட்டால் மட்டும். அலை உடையும்போது, துடுப்புப் போடும்போது, மீன் வாலடித்துப் போகும்போது தண்ணீர் அதன் உடம்பை உரசுகிறது. உரசல் பட்டதும் செல்லுக்குள் ஒரு மின்துடிப்பு ஓடுகிறது. உள்ளே இருக்கும் நுண்ணிய பைகளில் அமிலத்தன்மை ஏறுகிறது. ஆரத்திக்கு மஞ்சள் கரைத்துச் சுண்ணாம்பு போட்டதும் பொசுக்கென்று சிவக்கும் இல்லையா, அமில கார அளவு மாறினால் ஒரு பொருளின் குணமே மாறிவிடும். இங்கே அது மாறியதும் லூசிஃபெரேஸ் விழித்துக்கொள்கிறது. பளிச். ஒரு செல்லின் மின்னல் நொடியில் பத்தில் ஒரு பங்கு இருந்தால் அதிகம். லட்சக்கணக்கில் சேர்ந்து மின்னும்போதுதான் அலையின் விளிம்பு முழுக்கக் கோடு இழுத்த மாதிரி தெரிகிறது. குலுக்கிக்கொண்டே இருந்தால் மங்கிவிடும், குச்சி தீர்ந்துபோகும்.

இத்தனை பாடு எதற்கு? ஆய்வாளர்கள் சொல்கிற காரணங்களில் எனக்குப் பிடித்தது இது. இந்த மாதிரி ஒற்றைச் செல் உயிர்களைத் தின்ன வருவது இறால் இனத்தைச் சேர்ந்த, கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாத சின்னப் பூச்சி. அது வாயை வைத்ததும் இது பளிச்சென்று மின்னுகிறது. வெளிச்சத்தைப் பார்த்து மீன் வருகிறது. மீன் அந்தப் பூச்சியைத் தின்கிறது. கழுத்துச் சங்கிலியில் கைவைத்தவனை அடிக்கத் தெம்பில்லாவிட்டாலும், 'ஐயோ திருடன்' என்று கத்தித் தெருவைக் கூட்டிவிடுகிறோமே, அதேதான்.

எப்போதும் எரிகிற கடலும் உண்டு. 1995 ஜனவரியில் லிமா என்ற பிரிட்டிஷ் சரக்குக் கப்பல் சோமாலியாவுக்குக் கிழக்கே போய்க்கொண்டிருந்தபோது, தொடுவானம் வரை கடல் பால் ஊற்றினதுபோல் வெள்ளையாக, அசையாமல் ஒளிர்ந்தது. அதைக் கடக்க ஆறு மணி நேரம் ஆனதாகக் கப்பல் குறிப்பில் எழுதினார்கள். மாலுமிகள் இப்படி எத்தனையோ சொல்வார்கள் என்று விட்டிருப்பார்கள். பத்து வருஷம் கழித்து ஸ்டீவன் மில்லர் என்ற அறிவியலாளரும் அவருடைய குழுவினரும் அதே நாட்களின் செயற்கைக்கோள் படங்களைத் தோண்டி எடுத்துப் பார்த்தால், அதே இடத்தில் ஒளி. பரப்பு 15,400 சதுர கிலோமீட்டர். நம் மாநகராட்சி முழுக்க 426 சதுர கிலோமீட்டர். அதுபோல் முப்பத்தாறு சென்னை.

அது பாக்டீரியாவின் வேலை என்பதுதான் ஏற்றுக்கொள்ளப்பட்ட விளக்கம். ஒரு பாக்டீரியா தனியாக ஒளிர்ந்து பிரயோஜனம் இல்லை, யார் கண்ணுக்கும் தெரியாது. ஒவ்வொன்றும் ஒரு ரசாயனத்தைத் துளித்துளியாகத் தண்ணீரில் விட்டுக்கொண்டே இருக்கும். கூட்டம் கூடக்கூட அந்த ரசாயனம் அடர்த்தியாகும். குறிப்பிட்ட அளவு வந்ததும் எல்லாம் சேர்ந்து ஒளியைத் தொடங்கும். தலைக்கட்டு எண்ணி, ஆள் போதும் என்று தெரிந்த பிறகு ஊர்க் கூட்டத்தைத் தொடங்குகிற மாதிரி.

பாக்டீரியா பேச்சு வந்ததும் ஒரு விஷயத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. நாம் மாதத்தில் நாலு முறை வறுத்துத் தின்கிற காரப்பொடி இருக்கிறதே, சில ஊர்களில் காரல் என்பார்கள், அந்த மீனின் தொண்டைக் குழாயைச் சுற்றி மோதிரம் மாதிரி ஓர் உறுப்பு உண்டு. அதில் ஒளிரும் பாக்டீரியா குடியிருக்கிறது. மீன் அதற்குச் சாப்பாடு போடுகிறது, அது வாடகையாக வெளிச்சம் தருகிறது. மீன் அந்த ஒளியைத் தன் வயிற்றுப் பக்கமாகக் கீழே பரப்பிக்கொள்கிறது. கீழிருந்து அண்ணாந்து பார்க்கிற பெரிய மீனுக்கு, மேலே இருக்கும் வெளிச்சத்தில் இதன் நிழல் தெரியாமல் போய்விடும். ஒளிந்துகொள்வதற்கு விளக்கேற்றுகிற ஜீவன். என் கற்பனையில் இவ்வளவு தூரம் போயிருக்காது.

பிள்ளைகள் நம்பவில்லை. சரி என்று மறுநாள் காலையில் காசிமேட்டில் ஒரு கூறு காரப்பொடி வாங்கி வந்து, பாத்ரூம் கதவைச் சாத்தி, ஜன்னலில் துணி அடைத்து, ஒரு மீனின் தொண்டையைப் பிளேடால் திறந்து பதினைந்து நிமிஷம் உட்கார்ந்தோம். இருட்டுதான் இருந்தது. ஐஸில் எவ்வளவு நேரம் கிடந்த மீனோ. வீச்சம் மட்டும் ரெண்டு நாள் போகவில்லை, அம்மா என்னோடு பேசவும் இல்லை.

சரி, உப்பங்கரைக்கு வருவோம். தொட்டால் மட்டும் ஒளிர்வது என்று முடிவானது. வருஷம் முழுக்க ஏன் இல்லை, சில இரவுகள் மட்டும் ஏன் என்பது பாக்கி. இதற்கு வழி காட்டியது ஒரு கை கழுவும் தொட்டி. 1961ல் ஒசாமு ஷிமோமுரா என்ற ஜப்பானிய வேதியியலாளர் அமெரிக்காவின் மேற்குக் கரையில் ஜெல்லிமீனை ஏராளமாகப் பிடித்துப் பிழிந்து, அதன் ஒளி எதனால் என்று தேடிக்கொண்டிருந்தார். ஒன்றும் பிடிபடவில்லை. ஒருநாள் மிஞ்சின சாற்றைத் தொட்டியில் கொட்டினார். தொட்டி பளீரென்று நீலமாக மின்னியது. அந்தத் தொட்டியில் கடல் தண்ணீர் வந்து விழுந்துகொண்டிருந்தது. கடல் தண்ணீரில் இருக்கும் கால்சியம் பட்டுத்தான் ஒளி விழித்திருக்கிறது. அந்த ஜெல்லிமீனிலிருந்து அவர் பிரித்த இன்னொரு ஒளிரும் புரதத்துக்காக 2008ல் நோபல் பரிசும் வந்தது.

இதைச் சொல்லி முடிப்பதற்குள் எண்ணூரிலிருந்து வருகிற பெண் கையைத் தூக்கிவிட்டாள். அவள் ஊரில் முகத்துவாரம் மணல் மூடிக்கொள்ளும். மழைக்காலத்தில் ஆற்று வெள்ளம் வந்து உடைத்துக்கொண்டு போகும். அப்புறம் கடல் தண்ணீர் உள்ளே ஏறும். "அப்போ ஆத்துத் தண்ணில ஒரு பூச்சி தூங்கினு இருக்குக்கா. மணலு ஒடைஞ்சு உப்புத் தண்ணி உள்ள வந்துச்சுன்னா எழுந்துக்கும்." கங்குல்பூவுக்கு இப்படித்தான் பருவம் கிடைத்தது. ஐப்பசி, கார்த்திகை. நான் யோசித்து வைத்திருந்த 'மூன்று நிலவுகள் ஒரே கோட்டில் வரும் இரவு' என்ற ஏற்பாட்டை யாருக்கும் தெரியாமல் அடித்துவிட்டேன்.

அடுத்தது காசுக் கேள்வி. அந்தத் தண்ணீரில் மீன் இருக்குமா? நிஜக் கடலில் நாக்டிலூகா அளவுக்கு மீறிப் பெருகினால் அது நல்ல செய்தி இல்லை. தன் உடம்புக்குள் அமோனியாவைச் சேர்த்து வைத்துக்கொண்டு இலேசாக மிதக்கிற உயிர் அது. கூட்டம் கூட்டமாகச் செத்து அழுகும்போது அமோனியா வெளியே வரும், தண்ணீரில் ஆக்சிஜன் இறங்கும், மீன் ஓடும் அல்லது சாகும். 2019 செப்டம்பரில் பாம்பன், மண்டபம் பக்கம் கடல் பச்சையாகி மீன்கள் செத்து ஒதுங்கின. அங்கே மீனவர்கள் இதைப் பூங்கோரை என்பார்கள். கழிவுநீரும் உரச் சத்தும் கடலில் சேரச் சேர இந்த மாதிரிப் பெருக்கத்துக்குத் தீனி கூடும். அமோனியா என்ற வார்த்தையைக் கேட்டதும் எண்ணூர்ப் பெண் மூக்கைப் பொத்திக் காட்டினாள். 2023 டிசம்பர் 26 ராத்திரி கடலடிக் குழாயிலிருந்து அமோனியா கசிந்தபோது பெரியகுப்பத்து ஜனங்கள் தூக்கத்தில் எழுந்து ஓடினார்கள். அவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

ஆக, கங்குல்பூ பூத்த தண்ணீரில் மீன்பாடு இருக்காது. அழகைப் பார்க்க வெளியூர்க்காரர்கள் வண்டி கட்டிக்கொண்டு வருகிற நாட்களில்தான் உப்பங்கரையில் உலை வைக்க வழியிருக்காது. நமக்கு ஏப்ரல் 15லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம் இருக்கிற மாதிரி அவர்களுக்கு இது. அந்த நாட்களில் வெளியூர்க்காரர்களுக்கு எதையாவது விற்றுத்தான் பிழைக்க வேண்டும். எதை விற்பது? "அந்தத் தண்ணியையே குடத்துல எடுத்து விக்கலாமே!"

நாக்டிலூகாவைக் குடத்தில் எடுத்தால் வீடு போய்ச் சேர்வதற்குள் பாதி செத்துவிடும். ஆனால் விற்கக்கூடிய ஒளியும் உண்டு. ஜப்பான் கடலோரத்தில் மூன்று மில்லிமீட்டர் அளவில் ஓடு மூடிய ஓர் உயிர் இருக்கிறது, அதைக் கடல் மின்மினி என்பார்கள். பிடித்துக் காயவைத்துப் பொடித்து வைத்தால், பிறகு எப்போது தண்ணீர் தெளித்தாலும் நீலமாக ஒளிரும். இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியச் சிப்பாய்கள் இந்தப் பொடியை உள்ளங்கையில் வைத்து நனைத்து, அந்த மங்கல் வெளிச்சத்தில் வரைபடம் பார்த்தார்கள். எதிரிக்குத் தூரத்திலிருந்து தெரியாது. கருவாடு போட்டுப் பழகின ஊருக்கு இந்த யோசனை புரிய ஒரு நொடிகூட ஆகவில்லை. உப்பங்கரையில் இப்போது கங்குல்பொடிக்கு மூன்று தரம், மூன்று விலை. கலப்படமும் ஆரம்பித்துவிட்டது.

நிறத்தை நான் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். கடலில் உயிர் ஒளி பெரும்பாலும் நீலம், ஏனென்றால் தண்ணீர் சிவப்பை விழுங்கிவிடும், நீலம்தான் தூரம் போகும். காற்றில் வாழும் மின்மினிக்கும் ஒளிரும் காளானுக்கும் மஞ்சளும் பச்சையும். உங்கள் உலகில் ஊதா ஒளி வேண்டுமென்றால் தாராளமாக வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் அது எதன் வழியாக யார் கண்ணுக்குப் போகிறது என்று ஒரு தரம் யோசியுங்கள். இன்னொன்று: போன் படத்தில் தெரிகிற அந்த அடர் நீலம் நேரில் அப்படித் தெரியாது. மங்கல் வெளிச்சத்தில் வேலை செய்கிற நம் கண் செல்களுக்கு நிறம் பிரிக்கத் தெரியாது. லிமா கப்பல்காரர்களுக்குக் கடல் பால்போல் வெள்ளையாகத் தெரிந்ததற்கு அதுவும் காரணம். கதை எழுதும்போது கேமரா கண்ணால் எழுதாமல் நின்று பார்க்கிறவன் கண்ணால் எழுதினால் நன்றாயிருக்கும்.

எல்லாவற்றையும் இப்படி விளக்கிவிட்டால் மர்மம் எங்கே என்று நண்பர் ஒருவர் கேட்டார். நியாயம்தான். எங்கள் ஆயா வல்லூர்ப் பக்கத்துச் சதுப்பில் கொள்ளிவாய்ப் பிசாசு பார்த்த கதையை நூறு தடவை சொல்லியிருக்கும். தரைக்கு ஒரு முழம் மேலே தீ மிதக்கும், கிட்டப் போனால் தள்ளிப் போகும். அழுகின சேற்றிலிருந்து வரும் வாயுக்கள்தான் என்று பாடப்புத்தகம் சொல்கிறது. அந்த வாயு தானாக எப்படிப் பற்றுகிறது, பற்றினாலும் ஏன் குளிர்ச்சியாக இருந்ததாகப் பார்த்தவர்கள் சொல்கிறார்கள் என்பதெல்லாம் இன்னும் பேச்சில்தான் இருக்கிறது. ஆயா அதில் நம்ப வைத்தது பிசாசை வைத்து இல்லை. எந்த மாசம், எந்த வரப்பு, காற்று எந்தப் பக்கம் அடித்தது, கூட வந்தவள் செருப்பு எங்கே அறுந்தது என்று துல்லியமாகச் சொல்லும். அதற்குப் பிறகு தீ ஏன் தள்ளிப் போனது என்று தெரியாவிட்டாலும் நாங்கள் போர்வைக்குள்தான் இருந்தோம். அதனால் உப்பங்கரையிலும் ஒன்றை மட்டும் விளக்காமல் வைத்திருக்கிறோம்: கடலில் ஆள் யாராவது போய்விட்ட வருஷம் கங்குல்பூ பூப்பதில்லை. ஏனென்று அந்த ஊரில் யாருக்கும் தெரியாது, எங்களுக்கும் தெரியாது.

அந்த தெற்குச் சென்னை வழக்கு பாக்கி இருக்கிறது. போன மாதம் ஒரு ராத்திரி, பெற்றவர்களிடம் சொல்லிவிட்டு, பிள்ளைகளை அழைத்துக்கொண்டு கடலோரக் கல் தடுப்பு மேல் போய் உட்கார்ந்தோம். ஒருவேளை தெரிந்தாலும் தெரியலாம் என்று ஆசை. வலது பக்கம் துறைமுகத்து விளக்கு வரிசை, பின்னால் லாரிகளின் ஹெட்லைட், தலைக்கு மேலே தெரு விளக்கு. கண் இருட்டுக்குப் பழக இருபது முப்பது நிமிஷம் ஆகும் என்று சொல்லிவைத்திருந்தேன். எங்கே பழகுவது? நிமிஷத்துக்கு ஒரு கன்டெய்னர் லாரி கண்ணில் அடித்துவிட்டுப் போனது. கீழே அலை கல்லில் மோதி உடைந்துகொண்டிருந்தது. மின்னியதோ இல்லையோ, எங்களுக்குத் தெரிந்திருக்காது.

"அக்கா, உப்பங்கரையில கரண்ட் இருக்கா?" என்றாள், முதல் நாள் கையை விட்டால் சுடுமா என்று கேட்டவள்.

இதுவரை யாரும் யோசிக்கவில்லை. வரும்போதே ஒன்பது பேரும் பேசி முடித்தோம். கரண்ட் கிடையாது, எண்ணெய் விளக்குதான். மணல் உடைந்த அன்று ஊர்ப் பஞ்சாயத்தில் தப்பு அடித்துச் சொல்லிவிடுவார்கள்: பொழுது சாய்ந்த பிறகு ஒரு வீட்டிலும் விளக்கு ஏற்றக் கூடாது, அடுப்பு எரியக் கூடாது, பீடி பற்றவைக்கக் கூடாது. மீறினால் அபராதம் ஒரு கூடை காரப்பொடி, அதுவும் ஐஸ் வைக்காதது.